ஏழு தோணியும் இறங்காத காலை

பரணில் ஏறப் போகிற உங்களில் ஒருவர், வேலைக்கு வந்த முதல் நாளே என்னிடம் கேட்டார்: "அண்ணன், எல்லாரிட்டயும் போன் கிடக்கு. தோணிக்காரருக்கு ஒரு கோல் எடுத்து 'இறங்குங்க' எண்டு சொன்னாச் சரிதானே? என்னத்துக்குத் தொண்டை கிழியக் கத்துற?"

நான் சிரித்துவிட்டுப் போய்விட்டேன். பதில் தெரியாமல் இல்லை. பதில் சொல்கிற அளவுக்குக் குரல் இல்லை. ஏழுவீட்டு வான்வணிகக் கூட்டில் அழைப்பாளராக இருந்தவர்கள் எல்லோரும் இப்படித்தான் ஓய்வு பெறுகிறோம். மற்ற உத்தியோகங்களில் தலை நரைத்துப் போவார்கள். எங்களுக்குக் குரல் நரைத்துவிடும். முப்பது வயதைத் தாண்டி எனக்கு அதிக காலம் ஆகவில்லை. கலியாணப் பேச்சுக்குப் போகிற இடத்தில் "மாப்பிள்ளை ஓய்வு பெற்றவர்" என்று சொன்னால், பெண் வீட்டார் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு என் பல்லைப் பார்க்கிறார்கள். ஆகவே சொல்ல வேண்டியதை எழுதித் தருகிறேன்.

போன் கேள்விக்கு முதலில் பதில். மரியாதை என்பது மற்றவர் காதில் விழ வேண்டிய சாமான். உப்பு வீட்டை முதலில் கூப்பிட்டது நெல் வீட்டுக்குக் கேட்காவிட்டால், உப்பு வீட்டைக் கூப்பிட்டதாகவே கணக்கில்லை. போனில் கூப்பிட்டால் ஒருவருக்குத்தான் கேட்கும். பரணில் நின்று கூப்பிட்டால் வாவிக்கே கேட்கும்.

இனி வருவது உங்களுக்குத் தெரிந்த விசயம். ஆனால் இதை உங்கள் வீட்டாரும் எடுத்து வாசிப்பார்கள், பிள்ளை என்ன வேலைக்குப் போகிறது என்று அறிய. அவர்களுக்காகச் சொல்கிறேன்.

எங்கள் தோணியை மேலே தூக்குவது எழுகல். வாவியின் அடியில் கிடக்கிற கல்தான் அது. வெயிலில் காய்ந்தால் வானத்தை நோக்கி இழுக்கும். நனைந்தாலோ நிழல் பட்டாலோ மெல்ல மெல்ல ஆறி, கடைசியில் சாதாரணக் கல்லாகிவிடும். பெரிய கல் ஆற நேரம் எடுக்கும். சின்னக் கல் சட்டென்று ஆறும். தோணியின் அடி பிரம்பால் பின்னியது. வானத்தில் அது தோணி, தண்ணீரில் விழுந்தால் கூடை.

வானத்துக்கு வேலி போட ஒருவராலும் ஏலாது. இறங்குகிற இடத்துக்குப் போடலாம். வாவியைச் சுற்றி வான்வழி வருகிற சாமான் எதுவென்றாலும், வவுணதீவுக் கரையில் கூட்டு நட்டு வைத்திருக்கிற அந்த ஒரே கம்பத்தில்தான் இறங்க வேண்டும். கூட்டின் அதிகாரம் முழுவதும் அந்த மரக்கம்பந்தான். உப்பு, நெல், மீன், பாய், தேன், தேங்காய், தயிர் என்று ஏழு வீடுகள். வீடும் தோணியும் தாயிடமிருந்து மகளுக்குப் போகும். தோணிகள் வாவியில் நங்கூரக் கயிற்றைப் போட்டுக்கொண்டு மேலே காத்து நிற்கும். அந்த நாளில் பரணில் நின்ற அழைப்பாளர் ஒவ்வொரு வீட்டையும் அதன் பட்டங்களோடு வரிசைப்படி கூப்பிட வேண்டும். கூப்பிட்ட தோணி கயிற்றை எறியும். கயிறுகாரர்கள் கல்லின்மேல் ஈரச்சாக்கைப் போடச் சொல்லிக் கத்திக்கொண்டே தோணியை இழுத்து இறக்குவார்கள். கூட்டின் கடதாசிகளில்தான் நாங்கள் அழைப்பாளர்கள். கயிறுகாரர்களுக்கு நாங்கள் கூப்பாட்டுக்காரர்கள்.

என் அப்பா அந்தக் கம்பத்தடியில் மூட்டை இறக்கியவர். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தை முழுதாக முடித்த முதல் ஆள் நான். ஏழு வீட்டுப் பட்டங்களும் பழைய தமிழில் நீளநீளமாக இருக்கும். அவற்றைத் தட்டாமல் சொல்ல ஒரு படித்த பெடியன் வேண்டும் என்று கூட்டு தேடியபோது, அப்பா மூட்டையோடேயே போய் என்னைச் சொல்லிவிட்டு வந்தார். எங்கள் வட்டை வயலில் காவலுக்கு நின்றபடி, கொக்குகளுக்குச் சொல்லிச் சொல்லி அந்தப் பட்டங்களைப் பாடமாக்கினேன். "வாவிக்கு மேலே முதற்கல் ஏற்றிய, வாடைக்கும் கச்சான் காற்றுக்கும் வளையாத உப்பு வீட்டார் இறங்குக!" இதை ஒரே மூச்சில் சொன்ன அன்று, உலகத்தில் எனக்குக் குறை எதுவும் இல்லை என்று நினைத்தேன்.

மாரி தொடங்குகிற காலத்தில் ஒரு நாள், தயிர் வீட்டுத் தோணி சித்தாண்டிப் பக்கமிருந்து மழைக்குள்ளால் வந்து சேர்ந்தது. தயிர் வீட்டுக்கு அந்த ஒரு தோணிதான். கூட்டின் சட்டமோ, தோணி இல்லாத வீட்டுக்குக் கூட்டில் இடம் இல்லை என்பது. தோணி போனால் அந்தப் பக்கத்து மாட்டுக்காரர் எல்லோருடைய தயிரும் பானையிலேயே புளிக்க வேண்டியதுதான். வீட்டுத் தலைவி தவமணி அக்கா தானே தோணியும் ஓட்டுவார். அவருடைய கல் மிகச் சின்னது, பழையது.

கயிறுகாரருக்கு மூத்தவரான ராசன் அண்ணன்தான் முதலில் கண்டார்.

"டேய் கூப்பாட்டுக்காரா! தயிர்க்காரி தாழுறாள்டா! கல்லு நனைஞ்சிட்டு!"

மேலேயிருந்து தவமணி அக்கா கத்தினார்: "தம்பி, என்ட கல்லுக்குத் தடிமன் சளி பிடிச்சிட்டு! கெதியாக் கூப்பிடு மனே!"

அவருடைய முறை கடைசி. முதல் முறை உப்பு வீட்டுக்கு. உப்பு வீட்டுத் தலைவி ஆரையம்பதிக் கனகம்மா மாமி, வெற்றிலை போட்டு முடியாமல் இறங்க மாட்டார். அன்றைக்கு அப்போதுதான் பாக்கு வெட்டத் தொடங்கியிருந்தார்.

தம்பிமாரே, தங்கச்சிமாரே, இந்த இடத்தில் நில்லுங்கள். நேரே தயிர் வீட்டைக் கூப்பிட்டிருக்கலாம். எனக்கு முன்னிருந்த ஒருவர் அப்படி முறை மாற்றிக் கூப்பிட்டார். உப்பு வீடு கோபித்துத் தோணிகளைக் கட்டிப் போட்டது. அந்தப் போகம் முழுக்க எங்கள் பக்கத்தில் சோறு சப்பென்று இருந்தது என்று அம்மா சொல்வார். இல்லையென்றால், "மாமி, தயிர் வீட்டை முதல் விடலாமா?" என்று கேட்டிருக்கலாம். அப்படிக் கேட்டால் அவர் எல்லோருக்கும் முன்னால் "ஓம்" என்று சொல்லித் தாழ வேண்டும். கனகம்மா மாமி தாழ்ந்ததை வாவி கண்டதில்லை.

நான் கேட்டது வேறு.

"உப்பு வீட்டாரே! முதலிடம் உங்கட கையில கிடக்கு. அத இண்டைக்கு ஆருக்குக் குடுக்கிறியள்?"

பாக்குவெட்டி நின்றது. மாமி தோணி விளிம்பால் எட்டிப் பார்த்தார். முதலில் என்னை, பிறகு தாழ்ந்துகொண்டிருந்த தயிர்த் தோணியை.

"உனக்குக் கண் தெரியாதா மனே? தயிருக்குக் குடு! நாங்க என்ன, ஆருக்கும் ஒண்டும் குடுக்காத ஆக்களா?"

மற்றத் தோணிகளில் விசில் அடித்தார்கள். தயிர்த் தோணியின் அடிப்பிரம்பு தண்ணீரைத் தொட இருந்த நேரத்தில் ராசன் அண்ணனின் கயிறு அதை இழுத்துக் கரையில் வைத்தது. தவமணி அக்கா இறங்கி, நனைந்த கல்லைத் துவாயால் தலை துவட்டுவதுபோல் துடைத்தார். அடுத்த கூட்டத்தில் கனகம்மா மாமிக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். "முதலிடத்தையே குடுத்த வீடு" என்று அவருடைய பட்டத்தில் ஒரு துண்டு கூடியது. அதையும் நான் கொக்குகளுக்குச் சொல்லிப் பாடமாக்கினேன்.

சிக்கல் அந்தப் பொன்னாடையிலிருந்து தொடங்கியது.

நெல் வீட்டுத் தலைவி வள்ளியம்மை மாமிக்கும் கனகம்மா மாமிக்கும் நெடுங்காலமாக நேரடிப் பேச்சு இல்லை. எது வந்தாலும் பரண் வழியாகத்தான் போகும், நான்தான் நடுவில் தபால்காரன். கொஞ்ச நாளில் கனகம்மா மாமி நெல் வீட்டுக்கு முறையைக் கொடுத்தார். வள்ளியம்மை மாமி என்னைப் பார்த்துக் கத்தினார்: "அவ குடுப்பா, நாங்க கை நீட்டி வாங்குறதா? தம்பி, சொல்லு! நெல் வீடு மீன் வீட்டுக்குக் குடுக்குது!" அடுத்த நாள் மீன் வீடு பாய் வீட்டுக்குக் கொடுத்தது. பிறகு தேன் வீடு தேங்காய் வீட்டுக்கு. இறங்கி முடிய நேரம் எடுத்தது என்றாலும் எல்லோரும் சிரித்த முகத்தோடு இறங்கினார்கள். சந்தைக்கு வந்த சனம் கரையில் குந்தியிருந்து, இன்றைக்கு ஆர் ஆருக்குக் கொடுக்கிறார்கள் என்று பார்க்கத் தொடங்கியது. கடலைக்காரர் ஒருவர் அங்கேயே கடை போட்டுவிட்டார். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. கொடுக்கும்போது சொல்லுவதற்கென்று புதிதாகச் சில வரிகள் கட்டி வைத்தேன், எதுகை மோனையோடு.

அப்படியே தைப்பொங்கலுக்கு முந்திய காலை வந்தது.

அரிசி வேண்டும், தேன் வேண்டும், தேங்காய் வேண்டும், தயிர் வேண்டும். ஏழு தோணியும் ஒன்றாக வந்து நின்றன. ஏழு தலைவிமாரும் நல்ல சேலை கட்டித் தாங்களே வந்திருந்தார்கள். கரை நிறையச் சனம், கையில் பையும் வாளியும். வெயில் பளிச்சென்று இருந்தது. வாடைப் பக்கம் மட்டும், கடலுக்கு மேலே, அடுப்படிச் சுவர் நிறத்தில் ஒரு மேகம் குந்தியிருந்தது.

உப்பு வீட்டைக் கூப்பிட்டேன். பொங்கல் காலமல்லவா, உப்பு வீடு நெல் வீட்டுக்குக் கொடுத்தது. நெல் வீடு மீனுக்கு. மீன் பாய்க்கு. பாய் தேனுக்கு. தேன் தேங்காய்க்கு. ஒவ்வொன்றுக்கும் பட்டம் சொல்லி, கொடுத்த வரி சொல்லி, மூச்செடுத்தேன். தேங்காய் வீடு தயிர் வீட்டுக்குக் கொடுத்தது. இனி முடிந்தது, தயிர் வீடு வாங்கிக்கொண்டு இறங்கும், பிறகு மற்றவர்கள் ஒவ்வொருவராக வருவார்கள் என்று நான் தண்ணீர்ப் போத்தலை எடுத்தேன்.

"தயிர் வீடு உப்பு வீட்டுக்குக் குடுக்குது!" என்றார் தவமணி அக்கா.

போத்தல் என் கையிலேயே நின்றது.

"அக்கா, நீங்க வாங்கலாம்தானே?"

"ஒருக்கா வாங்கினது காணும் தம்பி. எந்த நாளும் வாங்கித் தின்னுற வீடெண்டு எங்களுக்குப் பேர் வேணாம். கடைசி வீடெண்டாலும் எங்களுக்கும் கை கிடக்கு."

கனகம்மா மாமி சும்மா இருப்பாரா? "நல்லாப் பறையிறாள் பிள்ள! சரி மனே, உப்பு வீடு நெல்லுக்குக் குடுக்குது!"

திரும்பவும் சுற்று. சனம் முதலில் கைதட்டியது. பிறகு கடலை தின்றது. பிறகு ஒரு கிழவர், "அம்மாமாரே, பொங்கலுக்கா இறங்கிறியள், அடுத்த வருசப் பொறப்புக்கா?" என்று கேட்டார். இரண்டாவது சுற்று பாய் வீட்டைத் தாண்டியபோது, வாவித் தண்ணீரின் மேல் நிழல் ஒன்று வருவதைக் கண்டேன். அடுப்படிச் சுவர் நிற மேகம் எழும்பி நடக்கத் தொடங்கியிருந்தது.

நிழல் பட்டதும் பெரிய கற்கள் அசையவில்லை. தயிர்த் தோணி ஒரு தரம் இருமினதுபோல் குலுங்கித் தாழ்ந்தது.

"தவமணி அக்கா, தாழுறியள்!"

"தாழுறன் எண்டு எனக்குத் தெரியும்! நீ கூப்பிடுறதக் கூப்பிடு!"

"ஆருக்காவது விட்டுக் குடுங்களன்!"

"அதத்தானடா செய்யிறன்!"

கரையில் சிரிப்பு எழுந்து பாதியில் நின்றது. சனத்துக்கும் விளங்கிவிட்டது. தோணிக்குள் பானைகள் ஒன்றோடொன்று இடிக்கிற சத்தம் கேட்டது. நங்கூரக் கயிறு தொய்ந்து தண்ணீரில் படுத்தது. கனகம்மா மாமியின் முகத்திலும் வெற்றிலைச் சிவப்பைத் தவிர வேறு நிறம் இல்லை. "அவளக் கூப்பிடு மனே, உப்பு வீடு தயிருக்கே குடுக்குது!" என்று கத்தினார். தவமணி அக்கா தலையை ஆட்டினார். உதவியாகக் கொடுத்தால் இனி அவர் எடுக்கவே மாட்டார். நாங்கள் கொடுக்கக் கொடுக்க அவர் தாழ்ந்துகொண்டிருந்தார்.

நான் கூப்பிடுவதை நிறுத்தினேன்.

பரணில் நிற்பவர் முறை முடியும்முன் வாயை மூடினால் வேலை போகும். அது கூட்டின் சட்டம், உங்களுக்கும் சொல்லித் தந்திருப்பார்கள். ஆனால் என் குரல் அந்தக் காலை முழுக்க ஒரே ஒரு காரியத்தைத்தான் செய்துகொண்டிருந்தது. ஆர் கொடுப்பவர், ஆர் வாங்குபவர் என்று ஊருக்குச் சொல்வது. அது நின்றால்தான் வேறு எதையும் யோசிக்க இடம் வரும் என்று பட்டது. யோசித்ததாகச் சொல்வதும் பெரிய வார்த்தைதான். கீழே பார்த்தேன். கம்பத்தடி வெறுமையாக இருந்தது. ராசன் அண்ணனும் ஆட்களும் கயிற்றோடு ஒதுங்கி நின்றார்கள். வீட்டாள் என்று சொல்ல ஒருவரும் இல்லை. எங்கள் பக்கத்தில், நல்ல நாளில், வாசலில் ஆளில்லாத வீட்டுக்கு ஆர் உள்ளே போவார்கள்?

"என்னடா மனே, தொண்டை கட்டிட்டா?" என்றார் கனகம்மா மாமி.

"இல்ல மாமி," என்று கத்தினேன், பட்டம் எதுவும் இல்லாமல். "பொங்கலுக்கு வாற ஆக்கள வாசலில நிண்டு 'வாங்க' எண்டு சொல்ல ஒரு வீட்டாரும் கீழ இல்ல! வெறும் வாசலுக்கு நான் எப்பிடிக் கூப்பிடுற? ஆர் வந்து நிண்டு வரவேற்கப் போறியள்?"

ஏழு தோணி விளிம்பிலும் தலைகள் எட்டிப் பார்த்தன. பிறகு மிகத் தாழ்வான இடத்திலிருந்து ஒரு குரல்.

"வாசலில நான் நிக்கிறன்! டேய் ராசன், பிடிடா கயிற!"

கயிறு வந்தது. ராசன் அண்ணன் அதைத் தண்ணீருக்குள் பாய்ந்து பிடித்தார். ஆட்கள் மட்டுமல்ல, கடலைக்காரரும், வாளியோடு நின்றவர்களும் சேர்ந்து இழுத்தார்கள். அடிப்பிரம்பு நீரில் கோடு போட்டபடி வந்து மண்ணில் ஏறியது. ஒரு பானை உடைந்து ராசன் அண்ணனின் தலைமேல் வழிந்தது. "முழுக்காட்டு முடிஞ்சுது, இனிப் பொங்கலாம்," என்றார் அவர், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

தவமணி அக்கா இறங்கி, சேலையை உதறி, தயிர் அள்ளுகிற அகப்பையோடு கம்பத்தடியில் வந்து நின்றார். அண்ணாந்து கூப்பிட்டார்.

"உப்பு வீட்டு மாமி! வாங்க, எங்கட வாசலுக்கு வாங்க!"

கனகம்மா மாமிக்குப் பழக்கம் விடவில்லை. "நெல் வீட்டார முதல்ல…"

"மாமி! நான் உங்கள வீட்டுக்குக் கூப்பிடுறன். நீங்க வாசல் படலையில நிண்டு பக்கத்து வீட்டக் காட்டுறியளா?"

விருந்துக்கு அழைத்தால் போக வேண்டும். போகாவிட்டால் அழைத்தவருக்கு அவமானம், போனால் ஒருவரும் தாழ்ந்ததாக இல்லை. கனகம்மா மாமி சிரித்துக்கொண்டே வெற்றிலைச் சாற்றை வாவியில் துப்பிவிட்டுக் கயிற்றை எறிந்தார்.

இறங்கியதும் அவருக்கு ஒரு சங்கடம். இப்போது அவரும் வாசலில் நிற்கிற ஆள். அடுத்தவரை அழைக்க வேண்டும். அண்ணாந்து பார்த்தார். தாழ வந்துகொண்டிருந்தது நெல் தோணி.

"மனே, நீ கூப்பிடு," என்றார் என்னிடம்.

"வாசலில நிக்கிறவதான் கூப்பிட வேணும் மாமி."

அவர் தொண்டையைச் செருமினார். இரண்டு தரம் செருமினார். தவமணி அக்கா அகப்பையால் மெல்ல அவர் முழங்கையைத் தட்டினார்.

"மச்சாள்," என்றார் கனகம்மா மாமி, முதலில் எனக்கே கேட்காத குரலில். பிறகு கரை முழுக்கக் கேட்க: "மச்சாள்! வாங்கோவன் கெதியா! மழை வருது, நெல்லு முளைச்சிரும்!"

"வாறன், வாறன்! கத்தாதீங்க!" என்றார் வள்ளியம்மை மாமி. ஆனால் அவர் கயிற்றை எறிந்த வேகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

நெல் வீடு மீனை அழைத்தது, மீன் பாயை. தேங்காய் வீடு இறங்கி முடிந்த கையோடு மழை கொட்டியது. ஏழு தலைவிமாரும் நல்ல சேலையோடு ஒரே பாய்க்குக் கீழே ஒதுங்கி நின்று தயிர் குடித்தார்கள்.

அதன் பிறகு கம்பத்தடியில் நடப்பது உங்களுக்குத் தெரியும். நீங்கள் பரணில் ஏறிக் கூப்பிடப் போவது ஒரே ஒரு பெயரை. ஆருடைய கல் எல்லோரையும்விடக் கீழே நிற்கிறதோ, அவர் பெயர். மற்றவர்களை வாசலில் நிற்பவர்கள் அழைத்துக்கொள்வார்கள். அந்த ஒரு பெயரைச் சொல்லும்முன் நன்றாகப் பாருங்கள். குரல் பெரிதாக இருப்பது பிறகுள்ள விசயம்.

பொங்கல் முடிந்து கூட்டம் கூடியது. விசயம் ஒன்றே: அழைப்பாளர் முறை முடியும்முன் வாயை மூடினார், சட்டப்படி வேலை போக வேண்டும். அப்பா முற்றத்தில் மூட்டை ஒன்றின்மேல் இருந்தார். மூட்டைகளின்மேல் அவர் இருந்து நான் கண்டதே இல்லை. நான் உள்ளே சுவரோடு நின்றேன். தயிர் வீட்டுக் கதிரை காலியாகாமல் அதன் இடத்தில் இருந்தது, அதில் தவமணி அக்கா இருந்தார். அதைப் பார்த்து, என்னவும் நடக்கட்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

வரிசைப்படி தீர்ப்புச் சொல்ல வேண்டும். ஒரு பெடியனின் பிழைப்பில் முதலில் கை வைக்க ஆருக்கு மனம் வரும்?

"நெல் வீட்டார் சொல்லட்டும்," என்றார் கனகம்மா மாமி.

"எனக்கென்னத்துக்கு மச்சாள்? மீன் வீட்டார் இருக்காங்கதானே."

மீன் வீடு பாயைப் பார்த்தது. பாய் தேனை. தேன் தேங்காயை. தேங்காய் வீட்டுத் தலைவி தன் வளையலைப் பார்த்தபடி, "தயிர் வீட்டார் சொன்னாச் சரி," என்றார்.

அதற்குப் பிறகு கொடுக்க ஆள் இல்லை. தவமணி அக்கா மற்ற ஆறு முகத்தையும் ஒரு சுற்றுப் பார்த்தார்.

"இந்த முறை நான் வாங்கிறன்," என்றார். "தயிர் வீடு சொல்லுது: பெடியன் நாளைக்கு வெள்ளனப் பரணில ஏறட்டும். இப்ப போய்த் தகப்பன மூட்டையில இருந்து எழுப்புங்க, அது எங்கட தயிருக்கு வந்த சீனி."